நீலம் போக மிச்சம்

சிவமலர் வேலை செய்த இடத்தில் ஜன்னல் கிடையாது. சுவிஸில் ஃப்ரிபூர்க் நகரத்தில் ஓர் ஆஸ்பத்திரியின் நிலக்கீழ்ச் சலவைக்கூடம் அது. மேல் மாடிகளில் நோயாளிகள் புரண்டு படுத்த வெள்ளைத் துணியெல்லாம் ஒரு பெரிய குழாய் வழியாகத் தொப்புத் தொப்பென்று கீழே வந்து விழும். அவளும் பரமேஸ்வரி என்ற இன்னொரு தமிழ்ப் பெண்ணும், நாலைந்து போர்த்துக்கீசப் பெண்களும் அதைக் கழுவி, சூடான உருளைக்குள் கொடுத்து, மறுபக்கம் ஆவி பறக்க வருவதைப் பிடித்து மடிப்பார்கள். குளிர்காலத்தில் இருட்டோடு உள்ளே போனால் இருட்டோடுதான் வெளியே வரலாம். யாழ்ப்பாணத்தில் ஒரு பெண்கள் பாடசாலையில் விஞ்ஞானம் படிப்பித்தவளுக்கு இப்படி ஒரு வேலையா என்று வந்து போகிறவர்கள் உச்சுக்கொட்டுவார்கள். அவளுக்கு அதில் பெரிய கவலை ஒன்றும் இருக்கவில்லை. சம்பளம் வந்தது, அறை சூடாக இருந்தது. அவளுடைய கவலை வேறு. அது நாட்டின் மற்றக் கோடியில், எங்கடின் பள்ளத்தாக்கில், ஒரு ஹோட்டல் குசினியில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தது.

அவன் பெயர் தவச்செல்வன். சிவமலரின் புருஷன். புருஷன் என்று சொல்லலாமா, கூடாதா என்பதில்தான் அவர்களுடைய வாழ்க்கையே சிக்கிக் கிடந்தது.

யாழ்ப்பாணத்துக் கலியாணம் பல வீடுகளில் இரண்டு தவணையாக நடக்கும். முதலில் எழுத்து. பதிவுக்காரர் வீட்டுக்கு வருவார், இரண்டு பேரும் கையொப்பம் வைப்பார்கள், வந்தவர்கள் பயித்தம்பணியாரம் தின்று தேத்தண்ணி குடித்துவிட்டுப் போவார்கள். அரசாங்கத்தைக் கேட்டால் அன்றோடு கலியாணம் முடிந்தது. சொந்தக்காரரைக் கேட்டால் ஒன்றுமே முடியவில்லை. நல்ல நாள் பார்த்து மணவறையில் தாலி ஏறும்வரை பெண் தகப்பன் வீட்டில்தான் இருப்பாள். எழுதின மாப்பிள்ளை வந்தால் முன் அறையில் இருந்து நாலு பேருக்கு முன்னால் இரண்டு வார்த்தை கதைத்துவிட்டு எழும்பிப் போகவேண்டியதுதான். சிவமலருக்கும் தவச்செல்வனுக்கும் எண்பத்துமூன்றாம் ஆண்டு பங்குனியில் எழுத்து நடந்தது. தாலிக்கு ஆவணியில் நாள் வைத்தார்கள். நடுவில் ஆடிக் கலவரம் வந்தது.

கொழும்பில் அவன் கணக்கெழுதிய இரும்புக்கடை எரிந்தது. அவன் அகதிக் கப்பலில் உடுத்த உடுப்போடு யாழ்ப்பாணம் வந்து இறங்கினான். அந்தக் கோலத்தில் யார் தாலி கட்டுவது? அடுத்த தையில் பார்ப்போம் என்றார்கள். தைக்குள் ஊரில் ஆமி பெடியன்களைப் பிடிக்கத் தொடங்க, அவனைப் பெற்றவர்கள் காணியை விற்று அவனைப் பிளேனில் ஏற்றிவிட்டார்கள். கிழக்கு ஜெர்மனியில் இறங்கி, அங்கே இங்கே ஒளித்து, கடைசியில் ஆஸ்திரியா எல்லையைத் தாண்டி அவன் அகதி என்று கையைத் தூக்கிய இடம் சுவிஸின் கிழக்கு மூலைக் கன்ரோன். கன்ரோன் என்றால் மாகாணம் மாதிரி. இந்த நாட்டில் ஒரு முறை இருந்தது. எந்தக் கன்ரோனில் கையைத் தூக்கினாயோ அங்கேதான் இருக்கவேண்டும், அங்கேதான் வேலை செய்யவேண்டும்.

இரண்டு வருஷம் கழித்துச் சிவமலர் வந்தாள். அவளுடைய அண்ணன் கனகரத்தினம் ஏற்கெனவே ஃப்ரிபூர்கில் இருந்து ரயில் பெட்டி கழுவும் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். வந்த பெண் அண்ணன் வீட்டுக்குத்தானே போகமுடியும்? அவளும் ஃப்ரிபூர்கிலேயே கையைத் தூக்கினாள். அங்கேதான் அந்தப் பிழை நடந்தது.

விசாரணை அறையில் மொழிபெயர்ப்பாளர் அவளிடம் கலியாணம் முடிச்சிட்டியளோ என்று கேட்டார். சிவமலர் இல்லை என்றாள்.

அவள் பொய் சொல்லவில்லை. கழுத்தில் தாலி இல்லை, நெற்றியில் குங்குமம் இல்லை, ஒரு நாள்கூட அவன் வீட்டில் உலை வைத்ததில்லை. தாலி ஏறாத ஒருத்தி அந்நிய ஆண்கள் இருக்கிற அறையில் இருந்துகொண்டு நான் இன்னாருடைய பெண்சாதி என்று எப்படிச் சொல்வாள்? வாய் வருமா? ஒளி எப்படி வளையும், எப்படித் தெறிக்கும் என்று கரும்பலகை நிறையக் கீறிக் காட்டியவளுக்கு இந்த ஒரு கேள்வியில் அரசாங்கம் எந்தக் கலியாணத்தைக் கேட்கிறது என்று யோசிக்கத் தோன்றவில்லை. அவனோ இரண்டு வருஷத்துக்கு முன்பு அதே கேள்விக்கு ஓம் என்று சொல்லியிருந்தான். அவனுக்கு அந்தச் சொல்லைச் சொல்லிப் பார்க்க ஆசை. கேட்டதற்கு மேலாக அவளுடைய பெயரையும், அவள் படிப்பித்த பாடத்தையும் சேர்த்துச் சொல்லிவிட்டு வந்தான்.

சந்திக்க முடியாது என்றில்லை. ரயில் ஏறினால் ஆரும் தடுக்கப்போவதில்லை. அவனுடைய லீவு நாளில் விடியப் புறப்பட்டு மலை ரயில், பிறகு பெரிய ரயில் என்று மாறி மாறி வந்தால் மத்தியானம் பேர்ன் ஸ்டேஷனில் நிற்பான். கனகரத்தினம் தங்கச்சியைக் கூட்டிக்கொண்டு வருவார். ஸ்டேஷன் தேநீர்க் கடையில் மூன்று பேரும் ஒரு மேசையில் இருப்பார்கள். நடுக் கதிரையில் கனகரத்தினம்தான். அவர் கெட்ட மனுஷன் இல்லை. தகப்பன் ஊரில் இருக்க, இந்த நாட்டில் தான்தான் தகப்பன் என்று நினைத்தார், அவ்வளவுதான். தங்கச்சிக்குத் தாலி ஏறாமல் தன் கலியாணப் பேச்சை எடுக்கக்கூடாது என்று நாற்பது வயது தாண்டியும் தனிக்கட்டையாக நின்றவர். தேத்தண்ணி ஆறுகிறது, குடியுங்கோ என்பார். ஊர் நிலைமை கதைப்பார். நேரம் ஆனதும் தவச்செல்வனை ரயிலில் ஏற்றிவிட்டு, அது புறப்படும்வரை நின்று கையும் காட்டுவார்.

மற்றபடி ஞாயிற்றுக்கிழமைத் தொலைபேசிதான். ஹோட்டலில் மத்தியானப் பாத்திரம் முடிந்து இரவுச் சாப்பாடு தொடங்குவதற்கு முன் அவனுக்குக் கொஞ்சம் ஓய்வு உண்டு. மலை ரயில் நிற்கிற சின்ன ஸ்டேஷன் பக்கத்தில் ஒரு தொலைபேசிக் கூண்டு. அதற்குள் நின்று சில்லறையைப் போட்டுக்கொண்டே கதைப்பான். இங்கே கனகரத்தினத்தின் வீட்டு விறாந்தையில் சிவமலர் சுவரில் சாய்ந்து நிற்பாள். அண்ணன் அடுத்த அறையில் பேப்பர் பார்ப்பார். பேப்பரின் தாள் திருப்பப்படும் சத்தமே வராது. அப்படி இருக்க ஒரு பெண் என்னத்தைக் கதைப்பாள்? சாப்பிட்டீங்களோ, குளிரோ, ஊரிலிருந்து கடிதம் வந்ததோ. அதற்குப் பிறகு இரண்டு பக்கமும் மூச்சுத்தான் கேட்கும்.

அந்த மூச்சை மறைக்கத்தான் அவன் மலையைப் பற்றிச் சொல்லத் தொடங்கினான். கூண்டுக்கு நேர் எதிரே பனி மூடிய ஒரு மலை. பள்ளத்தாக்கில் வெயில் போய் விளக்குப் போட்ட பிறகும் அதன் உச்சியில் மட்டும் வெளிச்சம் நிற்கும். முதலில் வெண்ணெய் நிறம், பிறகு பப்பாப்பழத்தின் உள்பக்கம், பிறகு றோஸ். கீழேயிருந்து நிழல் ஏறி ஏறி அதைத் தின்னும். கடைசியில் ஒரு விரல் அகலம். பிறகு சாம்பல். அவன் பெரிய கதைகாரன் இல்லை, ஆனாலும் அதை ஒவ்வொரு கிழமையும் புதிதாகச் சொன்னான். நாள் முழுக்க வெள்ளைத் துணியைத் தவிர வேறு நிறம் பார்க்காதவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்பாள். அந்த மலையின் பக்கத்தில் நிற்கவேண்டும், அவன் பக்கத்தில் நின்று அதைப் பார்க்கவேண்டும் என்று அவளுக்கு ஏக்கம் வந்தது. அதை அவனிடம் சொல்லக் கூச்சம். அதனால் ஆசிரியை ஆனாள்.

மலை ஏன் சிவக்கிறது தெரியுமோ என்று கேட்டாள். வெட்கத்தில் என்றான் அவன். அவள் சிரிக்காமல் விளக்கினாள். வெயில் வெள்ளையாகத் தெரிந்தாலும் அதற்குள் எல்லா நிறமும் இருக்கிறது. நீலம் குட்டி அலை, சிவப்பு நீள அலை. காற்றின் துகள்களில் பட்டதும் குட்டி அலைதான் கூடுதலாகச் சிதறி நாலா பக்கமும் தெறிக்கும். மத்தியானம் வெயில் தலைக்கு நேர் மேலிருந்து வருகிறது, காற்றுக்குள்ளே வழி குறைவு, பெரிதாக ஒன்றும் இழக்காது. பின்னேரம் அதே வெயில் பூமியை உரசிக்கொண்டு சரிவாக நெடுந்தூரம் வரவேண்டும். மா அரிக்கிற மாதிரித்தான். வழி நெடுகிலும் நீலம் அரிபட்டுக் கொட்டுண்டு போக, அரிதட்டில் மிஞ்சுவது மஞ்சளும் சிவப்பும். அந்த மிச்சம் பனியில் பட்டால் பனி அதைத்தான் காட்டும். பனிக்கு என்று சொந்த நிறம் ஏது?

அவனுக்கு இது பிடித்துப்போனது. அடுத்த கிழமையிலிருந்து, "இண்டைக்கு அரிதட்டு நல்ல வேலை" என்று தொடங்குவான்.

எண்பத்தேழாம் ஆண்டு அவன் தன் கன்ரோன் அலுவலகத்தில் மனுக் கொடுத்தான். என் மனைவி ஃப்ரிபூர்கில் இருக்கிறாள், ஒன்றில் அவளை இங்கே விடுங்கள், அல்லது என்னை அங்கே விடுங்கள். மாதக்கணக்காகக் காத்திருந்து, இலையுதிர்காலத்தில் பதில் வந்தது. நீங்கள் சொல்லும் பெண் தான் மணமாகாதவள் என்று பதிந்திருக்கிறாள், ஆகவே உங்களுக்கு மனைவி என்று ஒருவர் இந்த நாட்டில் இல்லை. யாழ்ப்பாணத்தில் அப்போது சண்டை. எழுத்துப் பதிவின் பிரதி எடுத்து அனுப்புவதற்கு அங்கே கந்தோர் திறந்திருக்கிறதா என்றுகூடத் தெரியாது. பிரதி வந்தாலும், அவளே இல்லை என்ற பிறகு யார் நம்புவார்கள்?

இரண்டு ஞாயிறு தொலைபேசி அடிக்கவில்லை. மூன்றாம் ஞாயிறு அடித்தது. அவன் சாப்பாட்டையும் கேட்கவில்லை, குளிரையும் கேட்கவில்லை.

"நீர் ஏன் இல்லையெண்டு சொன்னனீர்?" என்றான்.

குரலில் கோபம் இருந்திருந்தால் அவளுக்குச் சுகமாக இருந்திருக்கும். அவன் உண்மையிலேயே காரணம் தெரியாமல் கேட்டான். தாலி ஏறவில்லையே என்று அவள் சொல்ல, அவன் இன்னொரு சில்லறையைப் போட்டான். பிறகு, அது சரிதான், தான் இதை யோசிக்கவில்லை என்றான். அந்தச் 'சரிதான்' அவளை இரவெல்லாம் போட்டு அரித்தது.

திருத்த வழி இல்லாமல் இல்லை. அலுவலகத்துக்குப் போய், அன்றைக்குச் சொன்னது பிழை, எனக்குக் கலியாணம் எழுதியிருக்கிறது என்று சொல்லலாம். ஆனால் சலவைக்கூடத்தில் பரமேஸ்வரி கேட்டதுமே கையில் இருந்த துணியைக் கீழே போட்டுவிட்டாள். ஒரு இடத்தில் மாற்றிச் சொன்னவள் மற்ற எல்லா இடத்திலும் பொய்தான் சொல்லியிருப்பாள் என்று அகதி வழக்கையே தள்ளிவிடுவார்கள், பிறகு பிளேனில் ஏற்றினால் என்ன செய்வாய் என்றாள். கனகரத்தினமும் அதையே சொன்னார். தவச்செல்வனே வேண்டாம் என்றான். நீர் இந்த நாட்டில் இருக்கிறீர் என்றால் எனக்கு அது போதும், சும்மா இருக்கிறதைக் குழப்பவேண்டாம் என்றான். எல்லாரும் நல்லதற்குத்தான் சொன்னார்கள். எல்லாருடைய நல்லதும் சேர்ந்து அவளை அதே விறாந்தைச் சுவரில் சாய்த்து வைத்தது.

மார்கழியில் ஒரு ஞாயிறு அவன் திடீரென்று ஒரு கேள்வி கேட்டான். மலைக்கு வந்து சேர்வது மிச்சம் என்றால் வழியில் கொட்டுண்ட நீலம் என்னாகிறது?

அது வீணாகப் போவதில்லை, வழியில் இருக்கிறவர்களுக்கு அதுதான் வானம் என்றாள் அவள். அவர்கள் அண்ணாந்து பார்க்கிற நீலம் உங்கள் மலைக்கு வராமல் போன நீலம்தான்.

"வழியிலை ஆர் இருக்கினம்?"

சிவமலர் யோசித்தாள். சூரியன் படுவது மேற்கே. எங்கடினுக்கு மேற்கே இருப்பது யார்? பேப்பர் பார்த்துக்கொண்டிருந்த கனகரத்தினத்தைத் தாண்டிப் போய், சுவரில் தொங்கிய ரயில்வே கலண்டரின் நாட்டுப் படத்தைக் கழற்றி எடுத்து வந்தாள். அடிமட்டத்தை மலையில் வைத்துச் சூரியன் படுகிற திசைக்குக் கோடு பிடித்துப் பார்த்தாள். மனம் உடைந்தது. மார்கழியில் சூரியன் நேர் மேற்கே படுவதில்லை, தெற்கே சாய்ந்து படும். அடிமட்டம் இத்தாலிக்குப் போனது. அவன் கேட்டுவிட்டு, அப்போ இத்தாலிக்காரனின் மிச்சத்தையோ நான் இவ்வளவு நாளும் பார்த்தது என்று சலித்துக்கொண்டான். பொறுங்கோ என்றாள். சூரியன் நாளுக்கு நாள் வடக்கே நகரும். அவள் கடித உறையின் பின்பக்கத்தில் கணக்குப் போட்டுப் பார்த்து அடுத்த ஞாயிறு சொன்னாள். ஏப்ரல் முதல் கிழமை. அந்தக் கிழமையில் அவனுடைய மலையில் இருந்து பார்த்தால் சூரியன் சரியாக ஃப்ரிபூர்க் பக்கம் படும். அந்தப் பின்னேரங்களில் மலையில் விழும் வெளிச்சம் அவள் தலைக்கு மேலால் போன வெளிச்சமாக இருக்கும். நீலத்தை இங்கே கொட்டிவிட்டு மிச்சத்தோடு அங்கே வரும்.

"அப்ப ஏப்ரல் வரைக்கும் பொறுக்கிறன்" என்றான் தவச்செல்வன். கோப்பை கழுவுகிறவனுக்கு எதிர்பார்க்க ஒரு நாள் கிடைத்தது. அவளுக்கோ அதைக் கேட்டுச் சந்தோஷமும் வந்தது, தன்மேல் ஆத்திரமும் வந்தது. ஒரு பெண்சாதியைக் கேட்டவனுக்கு வெளிச்சத்தைக் கொடுத்துச் சமாளிக்கிறேனே என்று நினைத்தாள்.

எண்பத்தெட்டாம் ஆண்டு அந்த ஞாயிறு ஈஸ்டராக வந்து தொலைந்தது. ஹோட்டலில் காலடி வைக்க இடமில்லை. கோடைக்காக மணிக்கூட்டையும் ஒரு மணி முன்னே தள்ளிவிட்டதால் சூரியன் படுகிற நேரமும் இரவுச் சாப்பாட்டு நேரமும் ஒன்றாகிவிட்டன. ஆனாலும் வருவேன் என்றிருந்தான். சிவமலர் மத்தியானத்திலிருந்து பல்கனிக்கும் உள்ளுக்குமாக நடந்தாள். வானம் துடைத்துவிட்டதுபோல் சுத்தமாக இருந்தது. தொலைபேசி அடித்தபோதுதான் சிக்கல் தெரிந்தது. வானம் பல்கனியில் இருந்தது, தொலைபேசி விறாந்தையில் இருந்தது. வயர் எட்டவில்லை.

அவள் ரிசீவரைப் பிடித்துக்கொண்டு தவித்ததைப் பார்த்துக் கனகரத்தினம் பேப்பரை மடித்தார். கொண்டா இஞ்சை என்று ரிசீவரை வாங்கினார். நீ போய் நில்லு, நான் சொல்லுறன் என்றார். இரண்டு பேர் பேசும்போது நடுவில் இருந்து பழகிய மனுஷன், அன்றைக்கும் நடுவில்தான் நின்றார்.

"மஞ்சளாம்" என்று அங்கிருந்து கத்தினார்.

என்ன மஞ்சள் என்று கேட்கச் சொன்னாள் சிவமலர். மஞ்சளில் என்ன பிள்ளை இருக்கிறது, மஞ்சள் மஞ்சள்தான் என்றார். பிறகு அவரே கேட்டுவிட்டு, வெண்ணெயாம் என்று திருத்தினார். அவள் அண்ணாந்து பார்த்தாள். மேற்கே கூரைகளுக்கு மேல் சூரியன் இறங்கிக்கொண்டிருக்க, உச்சியில் வானம் இன்னும் நல்ல நீலம். அதற்கூடாகத்தான் அது போகிறது, இப்போது, இந்தக் கணத்தில். பப்பாப்பழமாம் என்றார் அண்ணன். கொஞ்ச நேரம் பொறுத்து, றோஸாம் என்றார். அந்தச் சொல்லைச் சொல்லும்போது அவருடைய குரல் முன்னைப்போல் கத்தவில்லை. இங்கே நீலம் எப்படி என்று அவன் கேட்கிறான் என்றார். நல்லா இருக்கெண்டு சொல்லுங்கோ என்றாள். அவர் ரிசீவருக்குள் அதை மெல்லச் சொன்னார்.

"சாம்பலாம். முடிஞ்சுதாம். போகட்டோ எண்டு கேக்கிறான்."

"போகவேண்டாமெண்டு சொல்லுங்கோ அண்ணை. இன்னொருக்கா வரும்."

அது உண்மை. மலை சாம்பல் நிறமாகிச் செத்த முகம்போல் கிடக்கும்போது ஆட்கள் முடிந்தது என்று திரும்பிப் போய்விடுவார்கள். சூரியன் நல்லாகக் கீழே போன பிறகும் அதன் வெளிச்சம் வானத்தின் மிக மேலே இருக்கிற தூசியில் பட்டு, அங்கிருந்து திரும்பி, சிலநாள் மலைக்கு ஒரு மெல்லிய ஊதா கலந்த சிவப்பாக வந்து சேரும். எல்லா நாளும் வராது. நின்று பார்த்தவர்களுக்குத்தான் தெரியும். அவள் இதை அண்ணனுக்குச் சொல்ல, அண்ணன் ரிசீவருக்குள் சொல்ல, மூன்று பேரும் காத்திருந்தார்கள். தொலைபேசிக்குள் சில்லறை விழும் சத்தம் கேட்டது. தூரத்தில் யாரோ அவனுடைய பெயரைச் சொல்லிக் கத்துவதும் கேட்டது. கழுவாத கோப்பை அங்கே மலையாகக் குவிந்திருக்கும்.

சிவமலர் பல்கனிக் கதவில் வந்து நின்று பார்த்தாள். கனகரத்தினம் ரிசீவரைக் காதோடு அழுத்திப் பிடித்துக்கொண்டு தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"பிள்ளை, அவன் கதைக்கிறானில்லை" என்றார். "அழுறான்."

வந்ததா என்று அவள் கேட்டாள். ஓம், வந்திட்டுதாம் என்றார் அண்ணன். அதற்குமேல் சில்லறை முடிந்து இணைப்பு அறுந்தது.

இரவு சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது சிவமலர், பெருநாள் லீவு முடிந்ததும் கந்தோருக்குப் போய் உள்ளதைச் சொல்லப்போவதாகச் சொன்னாள். வழக்குத் தள்ளுபட்டால் என்ன செய்வாய் என்றார் கனகரத்தினம். தள்ளுபடட்டும் என்றாள். செவ்வாய்க்கிழமை காலையில் அவள் எழும்பி வந்தபோது அவர் தன் நல்ல சேர்ட்டை அழுத்திப் போட்டுக்கொண்டு கதவடியில் நின்றார்.

அதே மாதிரி ஓர் அறை, அதே கேள்வி. மொழிபெயர்க்க வந்த பெடியன் வேறு. சிவமலர் ஓம் என்றாள். அப்படியானால் முதல் சொன்னது பொய்யா என்று மேசைக்குப் பின்னால் இருந்த பெண் கேட்டாள்.

"அண்டைக்கு நான் பொய் சொல்லேல்லை" என்றாள் சிவமலர். "எங்கட முறையிலை நான் இண்டைக்கும் கலியாணம் முடிக்காத பிள்ளைதான். ஆனால் அவர்தான் என்ரை மனுசன்."

பெடியன் இதை எப்படி மொழிபெயர்ப்பது என்று தெரியாமல் அவளையே பார்த்தான். அப்படியே சொல்லும் தம்பி என்றாள். அவன் சொன்னான். அந்தப் பெண் எழுதினாள். எழுதி முடிக்க வெகுநேரம் எடுத்தது. பக்கத்தில் இருந்த கனகரத்தினம் தொப்பியைக் கையில் வைத்துச் சுழற்றிக்கொண்டே இருந்தார்.

அன்றைக்குச் சொன்னதற்கு அவள் விலை கொடுத்தாள். மாற்றிச் சொன்னவள் என்ற கறை அவளுடைய வழக்கில் விழுந்தது. அது தீராமல் இழுபட்டுக்கொண்டே போனது. ஆனால் கோடை முடியும் சமயம் யாழ்ப்பாணத்திலிருந்து அவளுடைய தகப்பனார் எப்படியோ எடுத்து அனுப்பிய எழுத்துப் பிரதி வந்து சேர, இலை கொட்டும் காலத்தில் அனுமதியும் வந்தது. அவள் எங்கடினுக்குப் போகலாம். தகப்பனார் பிரதியோடு இரண்டு வரியும் எழுதியிருந்தார். தம்பி கனகரத்தினம், என்னுடைய இடத்தில் நின்று நீயே செய்து வை.

கனகரத்தினத்தின் சின்ன வீட்டு முன் அறையில் பிள்ளையார் படத்துக்கு முன்னால் தவச்செல்வன் தாலி கட்டினான். பரமேஸ்வரி பலகாரம் சுட்டு வந்தாள். மேளம் இல்லை, ஐயர் இல்லை. கனகரத்தினம் தங்கச்சியின் கையை எடுத்து அவனுடைய கையில் வைத்துவிட்டு, உடனே தேத்தண்ணி போடப் போகிறேன் என்று குசினிக்குள் போனவர் தேத்தண்ணி இல்லாமல் கனநேரம் கழித்து வந்தார். அடுத்த நாள் ஸ்டேஷனில் ரயில் புறப்படும்வரை நின்று கை காட்டினார்.

எங்கடினில் சிவமலருக்கு அதே ஹோட்டலின் சலவை அறையில் வேலை கிடைத்தது. அதற்கு ஜன்னல் இருந்தது. மலையை அவள் குளிர்காலம் முழுக்கப் பார்த்தாள். அவன் தொலைபேசியில் சொன்ன அளவுக்கு அது நீண்ட நேரம் நிற்பதில்லை என்று கண்டுபிடித்தாள். சில்லறைக்குத் தக்கபடி இழுத்துச் சொல்லியிருக்கிறீங்கள் என்று அவனைக் கேலி செய்தாள். அவன் மறுக்கவில்லை. ஆசைப்பட்டதெல்லாம் கையில் இருந்தது. ஆனாலும் உச்சி றோஸாக மாறுகிற நேரத்தில் அவளுடைய தலை தானாக மற்றப் பக்கம், மேற்கே திரும்பும். ஃப்ரிபூர்க் வீட்டில் அந்த நேரம் யார் பேப்பர் பார்த்துக்கொண்டிருப்பார் என்று அவளுக்குத் தெரியும். தங்கச்சிக்குத் தாலி ஏறிவிட்டது, இனி உங்கள் கலியாணத்தைப் பாருங்கோ என்று எழுதினால், பார்ப்போம் என்று பதில் வரும். பார்ப்பதற்கு அவருக்கு வயதும் தாண்டியிருந்தது.

எண்பத்தொன்பதாம் ஆண்டு ஏப்ரல் முதல் ஞாயிறு. தவச்செல்வன் குசினியில் முன்கூட்டியே சொல்லி வைத்துவிட்டு வந்தான். இரண்டு பேரும் ஸ்டேஷன் கூண்டுக்குள் நெருக்கிக்கொண்டு நின்றார்கள். மலை வெண்ணெய் நிறத்துக்கு வந்ததும் சிவமலர் எண்ணைச் சுழற்றினாள். முதல் மணி அடித்து முடியவில்லை, கனகரத்தினம் எடுத்துவிட்டார்.

எங்கே நிற்கிறீங்கள் அண்ணை, காற்றுச் சத்தம் கேட்கிறதே என்றாள் அவள். பல்கனியில் என்றார். நீள வயர் வாங்கிப் போட்டிருந்தார். எப்போது வாங்கினீர்கள் என்று கேட்டதற்கு, நீ போன அடுத்த கிழமை என்றார்.

"இஞ்சை நீலம் நல்லா இருக்கு" என்றார் கனகரத்தினம். "நான் எடுத்திட்டன். மிச்சம் வந்து சேர்ந்துதோ?"

சிவமலர் மலையைப் பார்த்தபடி நின்றாள். மலை பப்பாப்பழமாகி, றோஸாகி, விரல் அகலத்துக்குச் சுருங்கி, சாம்பலானது. தவச்செல்வன் அவளுடைய கையிலிருந்து ரிசீவரை வாங்கி, வந்தது அண்ணை, இப்போதுதான் முடிந்தது என்றான். பிள்ளை ஏன் கதைக்கிறாளில்லை என்று அங்கிருந்து கேள்வி வந்தது. அவன் அவளைப் பார்த்தான்.

"அழுறா அண்ணை."

"அப்ப வைக்காதையும் தம்பி" என்றார் கனகரத்தினம். "இன்னொருக்கா வருமெல்லோ. அதுவரைக்கும் நானும் நிக்கிறன்."